சுடுதண்ணிக்கு ஒரு வேப்பமரம்

போன வெள்ளிக்கிழமை எங்கள் வீட்டு வாசலில் கூழ் ஊற்றினார்கள். வேப்பமரத்தைச் சுற்றி சீரியல் லைட், மைக் செட், வரிசையில் தெரு ஜனம். அத்தனைக்கும் காரணம் ஒரு போஸ்ட் கார்டு என்று சொன்னால் நம்புவீர்களா?

சித்திரை மாதத்தில் இதே பத்தியில் சுற்றுச்சூழல் பற்றி உருக்கமாக எழுதியிருந்தேன். மரம் வளருங்கள், மின்சாரத்தைச் சேமியுங்கள், நாளைக்குப் பேரப் பிள்ளைகள் கேட்டால் என்ன பதில் சொல்வீர்கள்... என்று ஒரே உபதேசம். எழுதி முடித்துப் படித்தபோது எனக்கே கண் கலங்கிவிட்டது.

அடுத்த வாரம் முதலியார்பேட்டையிலிருந்து ஒரு வாசகர் கார்டு போட்டிருந்தார். மொத்தமே மூன்று வரி. 'ஐயா, கட்டுரை பிரமாதம். இவற்றில் தாங்கள் தங்கள் வீட்டில் செய்திருப்பவை எவை எவை? தெரிவித்தால் நாங்களும் பின்பற்றுவோம்.'

கிண்டலா? நிஜமாகவே கேட்கிறாரா? கார்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். கையெழுத்து முத்து முத்தாக, மரியாதையாகத்தான் இருந்தது. அதுதான் பயமாக இருந்தது.

பாண்டிச்சேரி சாரம் பகுதியில் இருக்கும் என் வீட்டை அன்றைக்குத்தான் வாசகரின் கண்ணால் சுற்றிப் பார்த்தேன். ஹாலில் குண்டு பல்பு. பாத்ரூமில் கரண்டைக் குடிக்கும் கெய்சர். கொல்லையில் ஒழுகும் குழாய், அதன் வாயில் என் பழைய பனியன். பதில் கார்டில் எழுத ஒரு வரிகூடத் தேறவில்லை.

சனிக்கிழமை காலையில் நேராக ஹார்ட்வேர் கடைக்குப் போனேன்.

கடைக்காரர் சுப்பராயன் எனக்குப் பல வருடப் பழக்கம். ஆணியிலிருந்து பெயின்ட் வரை எதைக் கேட்டாலும் இல்லை என்று சொல்லி நான் கேட்டதில்லை. "சுற்றுச்சூழலுக்குக் கேடு பண்ணாத சாமான் ஏதாவது..." என்று இழுத்தேன். அவர் முகம் மலர்ந்துவிட்டது.

"எக்கோ ஐட்டமா சார்? இப்போ எல்லாமே எக்கோதான்."

எடுத்துப் போட ஆரம்பித்தார். பைப் எக்கோ. தரை தேய்க்கும் பிரஷ் எக்கோ. எல்லாவற்றிலும் வட்டமாக ஒரு பச்சை ஸ்டிக்கர், நடுவில் இலை. எலிப்பொறியிலும் இருந்தது.

"எலிப்பொறி எப்படிங்க எக்கோ?"

"மருந்து இல்ல பாருங்க சார். எலி நேச்சுரலா சாவுது."

குழாய் வாயில் மாட்டுகிற சல்லடை மாதிரி ஒன்றைக் காட்டினார். "இத்த மாட்டிட்டீங்கன்னா தண்ணி பாதியா கொறஞ்சிடும்."

"எங்க வீட்டுக் குழாய்ல வர்றதே பாதிதானே?"

"அப்போ கால்வாசி ஆவும் சார். இன்னும் நல்லது."

சல்லடையை வாங்கினேன். இரண்டு பட்டன் வைத்த டாய்லெட் தொட்டி வாங்கினேன் — சின்னதுக்குச் சின்ன பட்டன், பெரியதுக்குப் பெரிய பட்டன். (மாட்டிய அன்றே வீட்டுக்கு வந்த என் மைத்துனர், எதற்கும் இருக்கட்டும் என்று இரண்டையும் சேர்த்து அழுத்திவிட்டு வந்தார்.) சுருள் சுருளாக இருக்கும் சி.எஃப்.எல். பல்பு ஆறு வாங்கினேன். அந்த வெளிச்சத்தில் மீன் குழம்பைப் பார்த்தால் ஆஸ்பத்திரியில் கொடுக்கும் மருந்து ஞாபகம் வருகிறது. இருந்தாலும் என்ன? சேமிக்கிறோம் இல்லையா?

"பாலிதீன் கவர் கெடையாது சார். நம்ம கடையே எக்கோ ஆயிடுச்சு" என்று சுப்பராயன் எல்லாவற்றையும் ஒரு மஞ்சள் துணிப்பையில் போட்டுக் கொடுத்தார். பையில் கடையின் பெயர் பெரிதாக. அதற்குக் கீழே 'பூமியைக் காப்போம்'. பைக்குக் காசு வாங்கவில்லை. இந்தப் பையைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

கிளம்பும்போது ஆளைச் சாய்ப்பது போல ஒன்று சொன்னார். "இதெல்லாம் சில்லறை ஐட்டம் சார். எக்கோன்னா சோலார் ஹீட்டர்தான். உங்க எதிர்வூட்டு முசியேக்கு நான்தான் போட்டேன்."

எதிர் வீட்டுக்காரர் பிரெஞ்சு ராணுவத்தில் இருந்துவிட்டு, பென்ஷனோடு ஊர் திரும்பியவர். தெருவே அவரை முசியே என்றுதான் கூப்பிடும். அவர் வீட்டு மொட்டை மாடியில் ஹீட்டர் பளபளவென்று மின்னுவதைத் தினமும் பார்க்கிறேன். கத்திரி வெயிலில் வெந்நீரில் குளிக்கிற ஒரே மனிதர் அவராகத்தான் இருப்பார். வாங்கிவிட்டாரே, குளிக்காமல் விட முடியுமா? ஆனாலும் எனக்குப் பொறாமையாக இருந்தது. பதில் கார்டில் 'சோலார்' என்ற வார்த்தை எவ்வளவு கம்பீரமாக இருக்கும்!

மறுநாளே சுப்பராயன் டேப்போடு மாடிக்கு வந்துவிட்டார். தரையை அளப்பார் என்று பார்த்தால், அண்ணாந்து பார்த்துக்கொண்டே நின்றார்.

"ஒரு சின்ன விஷயம் சார். மரத்த எடுத்துடணும்."

"எந்த மரத்தை?"

"இருக்கறதே ஒண்ணுதான? பத்து மணியிலேர்ந்து மூணு மணி வரைக்கும் மாடி பூரா நெழலு. நெழல்ல சோலார் வேல செய்யாது."

காம்பவுண்டுக்குள் கேட்டை ஒட்டி நிற்கிற வேப்பமரம் அது. நாங்கள் நட்டதல்ல. மனை வாங்கும்போதே இருந்தது. பாதி நிழல் எங்கள் மாடிக்கு, பாதி தெருவுக்கு.

"மரத்தை வெட்டிட்டு என்னங்க எக்கோ?" என்றேன், பலவீனமாக.

"மரம் எங்க வேணா மொளைக்கும் சார். இந்த மாடலு திரும்ப ஸ்டாக் வராது."

மரம் வளருங்கள் என்று கண் கலங்க எழுதிய ஆசாமி நியாயமாக என்ன செய்திருக்க வேண்டும்? அவரைப் படியிறக்கி அனுப்பியிருக்க வேண்டும். நான் கேட்டது, "வெட்றதுக்கு ஆள் நீங்களே அனுப்பிடுவீங்களா?"

விஷயம் தெரிந்ததும் என் மனைவி வசந்தா சமையலறையிலிருந்து கரண்டியோடு வந்தாள்.

"என்னங்க, தெருவுல எல்லார் வீட்டு டேங்க் தண்ணியும் கொதிக்குது. நம்ம டேங்க் மட்டும்தான் நெழல்ல சில்லுன்னு இருக்குது. மரத்த வெட்டிட்டீங்கன்னா தண்ணி தானா சுடும். அப்பறம் எதுக்கு ஹீட்டரு?"

"குளிர்காலத்துக்கு வேணுமில்ல?"

"பாண்டிச்சேரியில குளிர்காலம் எந்தத் தேதி வருது, சொல்லுங்க. குறிச்சி வச்சிக்கிறேன்."

இப்படி அறிவுபூர்வமாகப் பேசினால் பேப்பரை விரித்து முகத்தை மறைத்துக்கொள்வேன். அன்றும் அதைத்தான் செய்தேன்.

ஆனால் பேப்பரால் மறைக்க முடியாத ஒருத்தி இருந்தாள். அஞ்சலை.

வீராம்பட்டினத்திலிருந்து தினமும் பதினோரு மணிக்கு வந்துவிடுவாள். கேட்டுக்கு வெளியே, மர நிழலில், மீன் நிறைந்த அலுமினிய அன்னக்கூடையை இறக்கி, ஈரச் சாக்கைப் போட்டு மூடி, அருவாமனையோடு உட்கார்ந்தால் இரண்டு மணி வரை அதுதான் அவள் கடை. தெருப் பெண்கள் அங்கேயே வாங்கி, அங்கேயே ஆய்ந்து, அங்கேயே ஊர்க்கதை பேசிவிட்டுப் போவார்கள். நாங்கள் குடி வந்த வருடத்திலிருந்து இப்படித்தான்.

"சார், மரத்த வெட்டப் போறீங்களாமே?" என்று கேட்டாள்.

"ஆமாம் அஞ்சலை. சோலார் வைக்கிறோம். சுற்றுச்சூழலுக்கு நல்லது."

"யாருக்கு சார் நல்லது?"

"எல்லாருக்கும்தான். பூமிக்கு."

அவள் கூடையைப் பார்த்தாள். "எம் மீனு இந்த வெயில்ல அரை அவரு தாங்காது சார். நாறிப்போனா எவ வாங்குவா? பெரிய மார்க்கெட்டுல குந்தலாம்னா ஒரு மொழம் எடம் காலி கெடையாது. இத்த வச்சித்தான் ரெண்டு பொண்ணுங்களையும் படிக்க வைக்கிறன்."

"நாலு வீடு தள்ளி உட்காரலாமே?"

"நாலு வூடு தள்ளி மரம் எங்க சார் இருக்குது?"

தெருவை எட்டிப் பார்த்தேன். ஒன்றுகூட இல்லை. கார் நிறுத்த ஒருவர், மாடி எடுக்க ஒருவர், இலை குப்பை விழுகிறது என்று ஒருவர்... ஒவ்வொருவராக வெட்டியிருக்கிறார்கள். இத்தனை வருடம் அந்தத் தெருவில் நடந்து போகிற எனக்கு அது அன்றைக்குத்தான் தெரிந்தது. வெட்கமாக இருந்தது. ஆனால் வெட்கத்தைக் கார்டில் எழுதி அனுப்ப முடியுமா? உள்ளே போய்விட்டேன்.

வியாழக்கிழமை என்று நாள் குறித்தாயிற்று. வெள்ளிக்கிழமை வேப்பமரத்தில் எவனும் கை வைக்க மாட்டான் என்று சுப்பராயன் சொல்லியிருந்தார்.

காலை ஏழரைக்கு மரம் வெட்டுபவர் கோடாலி, கயிறோடு வந்தார். பெயர் ஏகாம்பரம். பாகூர் பக்கம், கொஞ்சம் நிலம் வைத்திருப்பவர். நடவு இல்லாத நாட்களில் டவுனில் இந்த வேலை. நான் காபியோடு வெளியே வருவதற்குள் அவரே குரல் கொடுத்தார்.

"சார், கொஞ்சம் இங்க வாங்க."

மரத்தின் இடுப்பில் மஞ்சள் துணி கட்டியிருந்தது. மஞ்சள் பூசி, மூன்று குங்குமப் பொட்டு. அடியில் ஒரு எலுமிச்சம்பழம். கற்பூரம் இன்னும் புகைந்துகொண்டிருந்தது. கேட்டுக்கு வெளியே நான்கைந்து பெண்கள் கைகூப்பி நின்றிருந்தார்கள்.

"இது எப்போ வந்தது?" என்று வசந்தாவைக் கேட்டேன்.

"தெரியலயே. கோலம் போட வந்தேன், இருந்துது" என்றாள். கல்யாணமான நாளிலிருந்து அவள் முகத்தில் அவ்வளவு கள்ளங்கபடமின்மையை நான் பார்த்ததில்லை.

"நான் கத்தி வைக்கமாட்டேன் சார்" என்றார் ஏகாம்பரம்.

"யாரோ சும்மா கட்டியிருக்காங்க ஏகாம்பரம்."

"யாரு கட்டுனா என்னா சார்? கட்டியாச்சு இல்ல? அம்மன் மரத்துல கை வச்சிட்டு நான் ஊருக்குள்ள போவ முடியுமா?"

எனக்குக் கோபம் தலைக்கேறியது. தெருவோரம் திடீர் திடீரென்று முளைக்கும் கோயில்களைப் பற்றி இதே பத்தியில் நான் காட்டமாக எழுதியிருக்கிறேன், ஞாபகம் இருக்கும். என் வீட்டிலேயேவா? "நானே அவுக்கறேன்" என்று போய் முடிச்சைப் பிடித்து இழுத்தேன்.

துணியின் மடிப்பு லேசாகப் பிரிந்தது. உள்பக்கம் எழுத்துகள் தலைகீழாகத் தெரிந்தன. '...ராயன் ஹார்ட்வேர்ஸ்'. இன்னும் கொஞ்சம் இழுத்தேன். 'பூமியைக் காப்போம்'.

எங்கள் வீட்டுப் பை! காதை வெட்டி, தையலைப் பிரித்து, அச்சடித்த பக்கம் மரத்தை ஒட்டி இருக்கிற மாதிரி, மஞ்சள் தண்ணீரில் இன்னொரு தரம் முக்கிக் கட்டியிருக்கிறார்கள். அந்தப் பை கடைசியாக எங்கள் சமையலறைக் கதவுக்குப் பின்னால்தான் தொங்கியது. அதை எடுத்துக் கொடுக்க வீட்டுக்குள் ஒரு கை வேண்டும். வாங்கிக் கட்ட வெளியே ஒரு கை வேண்டும்.

வசந்தா என் விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். கேட்டுக்கு வெளியே, பதினோரு மணிக்கு முன்னால் ஒரு நாளும் வராத அஞ்சலை, ஏழரைக்கே வந்து உட்கார்ந்திருந்தாள். தலை நிமிரவில்லை. ஒரு சங்கரா மீனுக்குச் செதில் எடுத்துக்கொண்டிருந்தாள். செதில் தீர்ந்த பிறகும் அதே மீனைத் தேய்த்துக்கொண்டிருந்தாள்.

மடிப்பைப் பிரித்து எழுத்தை ஏகாம்பரத்திடம் காட்டினால் போதும். 'பாருப்பா, இது ஹார்ட்வேர் கடை அம்மன்' என்றால் சிரித்துவிட்டுக் கோடாலியைத் தூக்குவார். மத்தியானத்துக்குள் மரம் விறகாகிவிடும். சாயங்காலம் கார்டில் 'சோலார்' என்று எழுதிவிடலாம். அந்த மீன்காரிக்கு அந்தக் கார்டில் இடம் இருக்காது.

மடிப்பை உள்ளே செருகினேன். எழுத்து துளியும் தெரியாதபடி முடிச்சை இறுக்கினேன்.

"வேணாம் ஏகாம்பரம்" என்றேன். "அம்மன் மரம்தான்."

சொன்னதோடு நிறுத்தியிருக்கலாம். கன்னத்தில் வேறு போட்டுக்கொண்டேன். கொஞ்சம் ஓவராகத்தான் போய்விட்டது.

ஆடி பிறந்ததும் தெரு விடுமா? கூழ் ஊற்றினார்கள். சீரியல் லைட்டுக்கும் மைக் செட்டுக்கும் கரண்ட் எங்கள் வீட்டிலிருந்துதான். ஆறு சி.எஃப்.எல். பல்பில் மிச்சம் பிடித்ததை அம்மன் ஒரே நாளில் வாங்கிக்கொண்டாள். முசியே பேண்ட், ஷூவோடு வந்து வரிசையில் நின்று கூழ் வாங்கினார். சுப்பராயனும் வந்து பக்தியோடு கும்பிட்டார். துணியை ஒரு நிமிடம் உற்றுப் பார்த்தார். "சக்தி வாய்ந்த அம்மன் சார்" என்று சொல்லிவிட்டுப் போனார். கண்டுபிடித்தாரா இல்லையா என்று இதுவரை தெரியவில்லை.

அஞ்சலை இப்போது என்னை சார் என்பதில்லை, அண்ணே என்கிறாள். இதுவரை அவளும் வசந்தாவும் நானும் பையைப் பற்றி ஒரு வார்த்தை பேசியதில்லை.

முதலியார்பேட்டை வாசகருக்கு: ஐயா, தாமதத்துக்கு மன்னிக்கவும். சுற்றுச்சூழலுக்காக நான் வீட்டில் உருப்படியாகச் செய்தது ஒன்றே ஒன்று. கடையிலிருந்து ஒரு பை கொண்டு வந்தேன். நீங்களும் பின்பற்றலாம்... ஏகாம்பரத்திடம் மட்டும் சொல்லிவிடாதீர்கள்!