பூட்டாத கேட்டுக்கு ஒரு வாட்ச்மேன்

பத்தமடையைத் தாண்டி மேலப்பாளையம் பக்கமாக நடந்துகொண்டிருந்தேன். தோளில் பை, முதுகில் வலி. வேலை போய் ஒரு நாள்கூட ஆகவில்லை.

அரசு உதவி பெறும் பள்ளிக்கூடம் ஒன்றில் வாட்ச்மேனாக இருந்தேன். அதன் தாளாளர் அண்ணாச்சி, கணக்கு டீச்சரை சஸ்பெண்ட் செய்திருந்தார். குற்றம் இதுதான்: தாளாளர் உள்ளே வந்தபோது நாற்காலியைவிட்டு எழுந்திருக்கத் தாமதித்தது. டீச்சருக்கு முழங்கால் வலி. முழங்காலை மட்டும் சஸ்பெண்ட் செய்ய விதி இல்லாததால் முழு டீச்சரையும் செய்துவிட்டார்கள்.

டீச்சர் மதுரைக்குப் போய் கேஸ் போட்டார். கோர்ட் சஸ்பென்ஷனை ரத்து செய்து, ஒரு வாரத்துக்குள் வேலையில் சேரச் சொன்னது. சேராவிட்டால் டீச்சரே வேலை வேண்டாம் என்று போய்விட்டதாக அர்த்தம். அண்ணாச்சிக்கு அந்த அர்த்தம் ரொம்பப் பிடித்துப்போயிற்று. என்னைக் கூப்பிட்டார்.

"ஏலே, அந்தம்மா பஸ்ஸ விட்டு இறங்கினதும் கேட்டைச் சாத்திரு. பூட்டாத. பூட்டினா கோர்ட்டுல மாட்டிக்கிடுவோம்."

"தள்ளிக்கிட்டு வந்தாவன்னா?"

"உனக்கு முதுகு எதுக்குலே இருக்கு? உள்பக்கமா சாஞ்சு நில்லு."

தகரம் அடித்த கேட். வெளியே நிற்பவருக்கு என்னைத் தெரியாது. டீச்சர் தினமும் வந்தார், தள்ளினார், திறக்கவில்லை. செல்போனில் படமும் எடுத்தார். படத்தில் பூட்டே இல்லாத ஒரு கேட் அழகாக விழுந்தது. அண்ணாச்சி கையில் கிடைத்திருந்தால் அதையே தன் பக்கத்துச் சாட்சியாக வைத்திருப்பார்.

"உள்ள யாருப்பா?" என்றார் டீச்சர் ஒருநாள்.

"நாந்தான் டீச்சர், வாட்ச்மேன்."

"பூட்டியா இருக்கு?"

"இல்ல டீச்சர். சாத்தித்தான் இருக்கு."

"பின்ன ஏன் திறக்கலை?"

"நான் சாஞ்சிருக்கேன்."

வெளியே சிரிப்புச் சத்தம். "எத்தனாப்பு வரைக்கும் படிச்ச?"

"எட்டுல பாதி."

"அப்போ நாலு" என்றார். கணக்கு டீச்சர் அல்லவா.

கடைசி நாள் டீச்சர் கல்வி அலுவலகத்திலிருந்து ஒரு அதிகாரியோடு வந்து இறங்கினார். அண்ணாச்சியே கேட்டைத் திறந்துவிட்டு, "பூட்டே கிடையாது சார். அந்தம்மாதான் உள்ள வரலை. வாட்ச்மேனைக் கேளுங்க" என்றார்.

"கேட் பூட்டியிருந்துச்சா?"

"இல்ல சார்."

அண்ணாச்சி என்னைப் பார்த்துப் புன்னகைத்தார். அவர் எனக்குச் செலவழித்த ஒரே புன்னகை.

"பின்ன அவங்க ஏன் வரலை?" என்றார் அதிகாரி.

இதற்குத் 'தெரியாது' என்று சொல்ல எனக்குச் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். டீச்சர் முழங்காலைப் பிடித்தபடி என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். மனசாட்சி என்று பெரிதாகச் சொல்லமாட்டேன். எனக்கு முதுகு வலித்தது.

"நான் முட்டுக் கொடுத்து நின்னேன் சார். அண்ணாச்சிதான் சொன்னாவ."

அதிகாரி அங்கேயே டீச்சரைக் கையெழுத்துப் போடவைத்தார். வகுப்புக்குப் போகிற வழியில் டீச்சர் நின்று, "இப்ப சாத்தியிருக்கா, திறந்திருக்கா?" என்று கேட்டார்.

"திறந்திருக்கு டீச்சர்."

"கணக்கு சரி" என்று சொல்லிவிட்டு, காலை விந்திக்கொண்டே படியேறினார்.

டீச்சரை வெளியே அனுப்ப சஸ்பென்ஷன், குற்றச்சாட்டு, விளக்கம், விசாரணை என்று எத்தனை படி! எனக்கு இரண்டே எழுத்து.

"போலே."

"அண்ணாச்சி, என்னையும் சஸ்பெண்ட் பண்ணுங்களேன். பாதிச் சம்பளமாவது வரும்."

"சஸ்பெண்ட் ஆகுறதுக்கும் படிச்சிருக்கணும்லே!"

வேலை தேடுகிற தம்பிகளுக்கு ஒன்று சொல்வேன். என்ன வேலை என்று கேட்பதோடு விடாதீர்கள். அதற்கு ஏன் ஆள் தேவைப்படுகிறது என்றும் கேளுங்கள். நான் மறுநாள் காலையே கேட்டேன்.

மேலப்பாளையத்தில், உவரியிலிருந்து வந்த மீன் வண்டி ஒன்று நின்றது. ஐஸ் பெட்டியின் மூடி நிற்காமல் ஆடியது. டிரைவர் ஆள் தேடிக்கொண்டிருந்தார்.

"முன்ன என்ன வேல பாத்தீரு வே?"

"பூட்டா இருந்தேன்."

"நல்லதாப் போச்சு. அம்பாசமுத்திரம் வரைக்கும் இந்த மூடி மேல உக்காந்து வாரும்."

"கொக்கி என்ன ஆச்சு?"

"உப்புக்காத்துல துருப்பிடிச்சு விழுந்துட்டு."

"யாரும் கழட்டி வைக்கலியே?"

"மீன் பெட்டிக் கொக்கியை எவன் வே கழட்டுவான்?"

கோர்ட்டுக்குப் போகாத மூடிதான் என்று உறுதியானதும் ஏறி உட்கார்ந்தேன்.