இருட்டு விற்கும் அண்ணி

திட்டி வந்த செய்தியை முதலில் உரக்கப் படிப்பாள் அண்ணி, அதுவும் எழுதியவர் குரலிலேயே. ஆண் என்றால் தொண்டையைக் கனைத்துக்கொள்வாள். வயதான பெண்மணி என்று தோன்றினால் மூக்குக்கண்ணாடியை நுனிக்கு இறக்குவாள். இணையத்தில் திரைச்சீலை விற்கும் குடும்பம். துணி வாங்குவது கொழுந்தன் பொறுப்பு. வாடிக்கையாளர்களோடு மல்லுக்கட்டுவது அண்ணி பாடு. அவர்களில் ஒருவர் முகத்தையும் அவள் நேரில் பார்த்ததில்லை.

"மூணு ஆச்சரியக்குறி போட்டா கோபமில்ல, பசி. சாப்பிட்டா சரியாயிடும். வெறும் 'நன்றி'ன்னு வந்தாத்தான் பயப்படணும்."

அவள் ஊகமெல்லாம் பலித்துவிடும் என்றில்லை. முகப்பில் பூனைப் படம் வைத்திருந்த ஒருவரைக் கல்லூரிப் பெண் என்று நினைத்து, 'செல்லம்' என்று விளித்துப் பதில் எழுதினாள். அவர் ஓய்வுபெற்ற நீதிபதி. இன்றும் இவர்களிடம்தான் வாங்குகிறார். "செல்லமாச்சே, எங்க போயிடுவாரு?" என்பாள்.

இந்த வாரம் விளையாட்டில்லை. 'முழு இருட்டு' என்று விளம்பரம் செய்த நீலத் திரையைப் பற்றி ஒருவர், 'பொய். வெளிச்சம் வருகிறது' என்று இவர்களுடைய இணையப் பக்கத்திலேயே எழுதிவிட்டார். அதன் கீழ் ஆள் சேர்ந்துகொண்டே போகிறது, ஆர்டர்கள் ரத்தாகின்றன. பிழைப்புக்கு இருப்பதோ அந்த ஒரே பக்கம்.

"போட்டிக்காரன் வேலை அண்ணி இது. பிளாக் பண்ணித் தொலைங்க."

"இரு தம்பி. எதுக்கு அவ்வளவு இருட்டுன்னு கேட்டிருக்கேன். ராத்திரி வேலைக்குப் போயிட்டுப் பகல்ல தூங்குற ஆளு. வேணா பாரு."

பதில் வந்தது. அவருக்கு அலுவலகம் பகலில்தான். மனைவிக்கு ஒற்றைத் தலைவலி. துளி வெளிச்சம் பட்டாலும் துடித்துப்போகிறாராம்.

அதை அண்ணி குரல் மாற்றாமல் படித்தாள்.

"நல்ல துணி அண்ணி. நானே பார்த்து எடுத்தது."

"எப்படிப் பார்த்தே?"

"தடவித்தான். என்னா கனம் தெரியுமா!"

"வெளிச்சத்துல பிடிச்சுப் பார்க்கலையா?"

கொழுந்தன் தலையைச் சொறிந்தான்.

படம் எடுப்பதற்காகச் சுவரோரம் தொங்கவிட்டிருந்த நீலத் திரைக்குப் பின்னால் போய் அவள் நின்றுகொண்டாள். "லைட்ட அணைச்சுட்டு போன் டார்ச்ச அடி."

அடித்தான். "ஏதாவது தெரியுதா அண்ணி?"

துணியின் மறுபக்கத்திலிருந்து, வெளிச்சம் விழுந்த இடத்திலேயே ஒரு விரல் முட்டிக்கொண்டு வந்தது. அவன் டார்ச்சை மெல்ல இடப்பக்கம் நகர்த்தினான். விரலும் நகர்ந்தது. மேலே கொண்டுபோனான். விரல் விடாமல் பின்னாலேயே வந்தது.