சாமைக் கொல்லைக்கு வரப்பு போட்டேன்

எழுபதுகளின் கடைசி. சென்னையில் ஓவியம் படிக்க மனு போட்டு, நேர்முகத்துக்குக் கூப்பிட்டிருந்தார்கள். நேரில் பார்த்து வரைந்த நிலக்காட்சி ஒன்றைக் கையோடு கொண்டுபோக வேண்டும். நேர்முகம் மறுநாள் மதியம். என்னிடம் மிஞ்சியிருந்ததோ ஒரே ஒரு கெட்டித் தாள்.

ஆலங்காயத்தில் எங்கள் வீட்டைச் சுற்றி நெல் வயல். அதை எவன் வேண்டுமானாலும் வரைவான், நான் மலையை வரைகிறேன் என்று காவலூர்ப் பக்கம் ஜீப் ஏறிவிட்டேன்.

அங்கே மலைச்சரிவில், மழையை மட்டும் நம்பி விதைத்த கொல்லையில் சாமை அறுப்பு நடந்துகொண்டிருந்தது. எனக்குக் கை வேகம். ஒரு மணி நேரத்தில் கொல்லை முழுவதும் தாளில் இறங்கிவிட்டது. பெருமை தாங்கவில்லை. கூழ் குடிக்க நிழலுக்கு வந்த மூன்று பெண்கள் எட்டிப் பார்த்தார்கள்.

"இன்னாங்க இது, நெல்லா?" என்றாள் ஒருத்தி.

"சாமைங்க. உங்க கொல்லதான்."

"சாமை இப்டியா வெறைச்சிக்கினு நிக்கும்? வரப்பு வேற போட்டுட்டாரு பாருடி!"

"தண்ணி பாய்ச்ச ஏரிய எங்க வெச்சாருன்னு கேளு" என்றாள் இன்னொருத்தி. மூன்று பேரும் சிரித்த சிரிப்பில் எனக்குக் காது சுட்டது.

கோபத்தோடு நிமிர்ந்து பார்த்தேன். சரிவில் ஒரு வரப்புகூட இல்லை. கதிர்கள் தலை கவிழ்ந்து ஒரே பக்கமாகச் சாய்ந்திருந்தன. நடுநடுவே பாறைகள், ஏர் விலகிப் போன வழியிலேயே பயிரும் அவற்றைச் சுற்றி வளைந்திருந்தது. மலைமேல் உட்கார்ந்துகொண்டு என் வீட்டு வயலை வரைந்திருக்கிறேன்!

ஜீப் திரும்ப இன்னும் இரண்டு மணி நேரம். தாளைத் திருப்பினேன். முதல் அரை மணி நேரம் கையைக் கட்டிக்கொண்டு சும்மா பார்த்தேன். என்னைப்போன்றவனுக்கு அது ஜெயில். பிறகு பாறைகளை வெள்ளைத் தாளாகவே விட்டுவிட்டு, ஏர் ஓட்டுவதுபோல அவற்றைச் சுற்றித் தூரிகையை ஓட்டினேன். பழுப்பு தீர்ந்தபோது காலடி மண்ணைக் கரைத்துக்கொண்டேன்.

ஏரி கேட்டவள் மறுபடியும் வந்து குனிந்து பார்த்தாள். "இப்ப அறுக்கலாம்" என்று சொல்லிவிட்டு அரிவாளோடு போய்விட்டாள்.

நேர்முகத்தில் ஒரு ஆசிரியர் படத்தை வெகுநேரம் பார்த்தார். பிறகு தாளைத் திருப்பினார்.

"இந்தப் பக்கம் யார் போட்டது?"

"அதுவும் நான்தான் சார். பார்க்காம போட்டது."

இரண்டு பக்கத்தையும் மாற்றி மாற்றிப் பார்த்தார். "எப்போ வந்து சேர்ற?" என்றார்.

நான் துணிப்பெட்டியோடுதான் போயிருந்தேன்.