குடிவழி வராத வருத்தம்

அன்றைக்கு வீட்டில் இருந்தது ஐந்து பேர். நான், என் புருசன், அவருடைய தாயான மாமி, தோணியில் மீன் பிடிக்கும் என் அண்ணன், மூன்று வயதிலேயே ஆறு வயதுக்காரன் அளவுக்கு வளர்ந்து நின்ற என் மகன்.

மகனுக்கு என்ன வருத்தம், என்ன நோய் என்று பார்க்க அவனுடைய இரத்தம் இந்தியாவுக்குப் போய், சோதனை முடிவு வந்திருந்தது. நான் எட்டாம் வகுப்போடு நின்றவள். பிழையாய் விளங்கிவிடுவேனோ என்ற பயத்தில் டொக்டரிடம் மூன்று தரம் கேட்டு, மருந்துத் துண்டின் பின்பக்கத்தில் எழுதி வந்தேன். வயிற்றில் பிள்ளை உருவாகும்போது ஒவ்வொரு கலத்திலும் எல்லா ஜீனும் இருக்குமாம். தோலுக்கு வேண்டாததைத் தோலிலும், எலும்புக்கு வேண்டாததை எலும்பிலும் அடைத்துவைக்க வேண்டும். தனிப் புரதத்தால் அது ஏலாது. சில புரதங்கள் ஒரு கூட்டாய்ச் சேர்ந்து, அடைக்கவேண்டிய இடத்தில் அடையாளம் போட்டு அடைக்குமாம். வயல் வட்டையில் நாலு பேர் நின்று, வரம்பில் தண்ணீர் பாயும் வக்கடைக்கு மண் போடுவதைப்போல என்று நான் விளங்கிக்கொண்டேன். மகனுடைய கூட்டில் ஒரு புரதம் ஒழுங்காய் வேலை செய்யவில்லை. அடைபடவேண்டிய வளர்ச்சி அடைபடவில்லை.

"ஜீன்" என்ற சொல்லை மட்டும் மாமி பிடித்துக்கொண்டார்.

"ஜீனெண்டா பரம்பரைதானே. புள்ளைக்குக் குடி தாய்வழி. வருத்தமும் அந்த வழிதான். எழும்பு மனே, போவம்," என்று என் புருசனைக் கூப்பிட்டார்.

எங்கள் பக்கத்தில் குடி என்கிற குலம் தாயிடமிருந்துதான் பிள்ளைக்கு வரும்; கலியாணம் முடித்தவன் பெண்ணுடைய வீட்டில்தான் இருப்பான். எழும்பிப் போனால் அந்தக் கலியாணம் முறிந்ததுதான்.

"புதிசா வந்ததாத்தான் இருக்குமாம். எங்க ரெண்டு பேரிர ரெத்தத்தையும் பாத்தாத்தான் உறுதியாம்," என்றேன்.

"எண்ட ரெத்தத்தையா பாக்கப்போறாய்?"

என் புருசன் என் தலைமயிரைப் பிடித்துக் கதவுநிலையில் மோதினார். இரண்டாம் மோதலில் என் முன்பல் உடைந்தது. அண்ணன் துடுப்போடு வந்தார்.

"மச்சான், விடு."

விடவில்லை. துடுப்பு இறங்கியது. அவருடைய மணிக்கட்டு முறிந்து கை தொங்கியது. மாமி அண்ணனின் தோளைக் கடித்தபடி தொங்கினார். மகன் தன் பெரிய கையால் என் வாயில் வடிந்த இரத்தத்தைத் துடைத்துத் துடைத்துத் தன் சேட்டில் பூசினான்.

அவர்கள் போய்விட்டார்கள். பொலிஸ் வருமோ, அவர் வரமாட்டாரோ என்று மூன்று நாள் எனக்குச் சோறு இறங்கவில்லை. அண்ணன்தான் அவரைத் தேடிப்போனார்.

"ரெத்தம் எடுக்க மற்றக் கை கிடக்குத்தானே. காசு எண்ட. தங்கச்சிர ரெத்தத்தில இருந்தா நீ போ, நான் மறிக்கல்ல."

சோதித்துப் பார்த்ததில் அந்தப் பிழை எங்கள் இரண்டு பேரிலும் இல்லை. அதை டொக்டர் வாயாலேயே கேட்டபிறகு, என் புருசன் மாவுக்கட்டுக் கையோடு என்னோடு பஸ்ஸில் வந்தார். வீட்டுக்குள் வந்ததும் கதவுநிலையில் என் பல் பட்ட இடத்தைத் தடவிப் பார்த்தார். இன்றைக்கும் அவர் சட்டை மாட்டக் கை தூக்கினாலும் நான் ஒதுங்குவேன்.

அந்தச் சோதனைக்காக அண்ணன் தோணி எஞ்சினை அடகு வைத்தார். வாழைச்சேனைக் கடையில் இன்னும் அறுபத்திரெண்டாயிரம் ரூபா கட்டவேணும்.