பித்தம் என்றே இருக்கட்டும்

மில்லின் லேபர் ஆபீசில் உட்கார்ந்தவனுக்கு ஆட்களை எடை போடுவதுதான் வேலை. தராசு மட்டும் மேனேஜர் கையில் இருக்கும். உங்களையும் யாராவது ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "இந்த ஆள் இப்படித்தான்" என்று முடிவு கட்டியிருப்பார்கள். அப்படியானால் உங்களுக்கு இது புரியும்.

மூன்றே மூன்று குணம்

எண்பதுகளின் கடைசியில் ராஜபாளையத்தில் ஒரு நூல் மில்லின் லேபர் ஆபீசில் குமாஸ்தாவாக இருந்தேன். எங்கள் மேனேஜர் வயிற்றுவலிக்காக ஒரு சித்த வைத்தியரிடம் போய்வந்தார். வலி போயிற்றோ இல்லையோ, வாதம், பித்தம், கபம் மூன்றையும் ஆபீசுக்குக் கொண்டுவந்துவிட்டார். வாத உடம்புக்காரன் ஓரிடத்தில் நிற்க மாட்டான். பித்த உடம்புக்காரன் கோபக்காரன், நாளைக்கே கொடி பிடிப்பான். கப உடம்புக்காரன்தான் நிதானம், அவனை நிரந்தரமாக்கலாம். தற்காலிக ஆட்களை ஒவ்வொருவராக அறைக்குள் கூப்பிட்டு, நாலு வார்த்தை பேசவைத்துத் தீர்ப்புச் சொல்வார். முதல் தீர்ப்பு எனக்கு.

"நீ கபம்யா. எம்புட்டு வஞ்சாலும் உனக்கு உறைக்காது."

கால் நிற்காத காதர்

நூல் சுற்றும் பகுதியில் இருந்த காதர், மேனேஜர் முன்னால் காலை மாற்றி மாற்றி நின்றார். கண் சுவர்க் கடிகாரத்திலேயே இருந்தது. "சுத்த வாதம்" என்று ஒதுக்கிவிட்டார் மேனேஜர். வெளியே வந்தவரிடம் தயங்கித் தயங்கி விஷயத்தைச் சொன்னேன். அவருக்குச் சிரிப்பு வரவில்லை.

"எனக்கு வாதமெல்லாம் இல்ல சார். மம்சாபுரம் பஸ்ஸு போயிருச்சுன்னா பொறவு நடந்துதான போகணும்?"

செல்லத்தாயின் குரல்

ஸ்பின்னிங்கில் அறுந்த இழையைப் பிணைக்கிற வேலை செல்லத்தாய்க்கு. ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து வருவார். புருஷன் இல்லை, அவர் சம்பளத்தில்தான் அடுப்பு எரியவேண்டும். வேலை நிரந்தரமாகிவிடும் என்று ரொம்ப நம்பியிருந்தார். "வீட்ல யாரு இருக்கா?" என்று மேனேஜர் மெதுவாகத்தான் கேட்டார். "நானும் ரெண்டு பொம்பளப்பிள்ளைகளும் சார்!" என்று அவர் போட்ட சத்தத்தில், பக்கத்து அறையில் டைப் அடித்துக்கொண்டிருந்தவர் எழுந்து வந்து எட்டிப்பார்த்தார்.

செல்லத்தாய் போனதும், ஸ்பின்னிங்கில் மெஷின் இரைச்சலுக்கு எல்லாரும் அப்படித்தான் பேசுவார்கள் என்று சொல்லிப் பார்த்தேன். மேனேஜர் கேட்கவில்லை.

"மெஷினை இங்கயா தூக்கிட்டு வந்திருக்கு? பித்தம் தலைக்கேறிக் கெடக்குய்யா."

சைக்கிள் மணி

எனக்கு மனசு கேட்கவில்லை. ஷிப்ட் விட்டதும் சைக்கிளில் செல்லத்தாயின் பின்னாலேயே போய்ப் பெயர் சொல்லிக் கூப்பிட்டேன். திரும்பவில்லை. முதுகுக்குப் பின்னால் மணி அடித்தேன், ஒதுங்கவும் இல்லை. முன்னால் போய் நின்றதும் திடுக்கிட்டுப் போனார். மேனேஜரின் தீர்ப்பை நான் சொல்லச் சொல்ல என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்போதுதான் எனக்குப் பிடிபட்டது.

"இது கோவம் இல்ல, காதுன்னு மேனேஜர்ட்ட நான் சொல்லுதேம்மா" என்றேன். செல்லத்தாய் என் சைக்கிள் ஹேண்டில்பாரை இறுகப் பிடித்துக்கொண்டார். கண் கலங்கிவிட்டது. ரகசியம் பேசுவதாக நினைத்துக்கொண்டு, பாதித் தெருவுக்குக் கேட்கிற மாதிரிச் சொன்னார்.

"கோவக்காரியாவே இருந்துட்டுப் போறேன் சார். தற்காலிகமாவாச்சும் வேல இருக்கும்ல? காது கேக்கலைன்னு தெரிஞ்சா கேட்டுக்கு வெளிய அனுப்பிருவாக. சொல்லிராதீக."

தப்பாத கணிப்பு

மறுநாள் மேனேஜரே கேட்டார், அந்தப் பெண்ணை விசாரித்தாயா என்று. காது என்ற சொல் தொண்டை வரை வந்தது. அதை விழுங்கிவிட்டு, "பித்தம்தான் சார்" என்றேன். செல்லத்தாயின் வேலை நிரந்தரமாகவில்லை, போகவும் இல்லை. இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு ஆறவில்லை. மேனேஜருக்கோ முகமெல்லாம் மலர்ச்சி.

"பாத்தியா? ஆளு வாயைத் தொறந்தா போதும், என் கணிப்பு தப்பாது."

மனுஷனை மூன்று குணமாகப் பிரிக்கத் தெரிந்த எங்கள் மேனேஜருக்கு, அந்த மூன்றையும் அடக்கி ஆளுகிற வயிறு என்று ஒன்று இருப்பது மட்டும், வயிற்றுவலி வந்த பிறகும் தெரியவில்லை.