வாளைக்குக் குடு

முந்தாநாள் காலை மோட்டார் சைக்கிளில் பெட்டி கட்டிய மீன்காரன் ஒருவன் எங்கள் ஒழுங்கையால் போனான். "சூரை, பாரை, கீரி, வாளை" என்று அவன் கூவியதும் நான் எழுந்து வாசலுக்கு ஓடினேன். மீன் வாங்க அல்ல, பந்து யார் கையில் இருக்கிறது என்று பார்க்க. இடுப்பில் கையூன்றி நின்ற என்னைப் பார்த்து அவன், "என்ன உம்மா, வாளை வேணுமா?" என்றான். வெட்கமாகப் போய்விட்டது. வாங்கிய வாளை இன்னும் பிரிஜ்ஜில் கிடக்கிறது. வீட்டில் ஒருவருக்கும் அந்த முள் ஆகாது.

விஷயத்தைச் சொன்னால்தான் உங்களுக்கு விளங்கும். எழுபதுகளின் கடைசியில் கல்முனைப் பக்கத்துப் பெண்கள் கல்லூரி ஒன்றுக்கு உடற்பயிற்சி ஆசிரியையாகப் போனேன். அதற்கு முதல் அங்கே உடற்பயிற்சிப் பாடம் என்றால் பிள்ளைகள் வாகை மரத்துக்குக் கீழே இருந்து தையல் தைப்பது. வலைப்பந்து அணி ஒன்று சேர்க்கப் போகிறேன் என்றதும் அதிபர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "செய்ங்க டீச்சர், ஆனா நான் ஒண்டும் கேள்விப்படல்ல" என்றார். அலுமாரியைத் திறந்து காற்றுப்போன பந்து ஒன்றை எடுத்துத் தந்தவரும் அவர்தான்.

வளையம் கிடைத்தது, அதற்கு வலை இல்லை. சாய்ந்தமருதிலிருந்து வந்த பிள்ளை ஒருத்தி வாப்பாவின் பழைய மீன்வலையில் ஒரு துண்டை வெட்டிக்கொண்டு வந்தாள். மழை பெய்தால் மைதானம் முழுக்க மீன் மணம் எழும்பும். இப்போதும் கருவாட்டுக் கடையைத் தாண்டும்போது எனக்கு விசில் ஊத வேண்டும் போல இருக்கும். பைத்தியம் என்று சொல்லாதீர்கள், வயது போனால் மூக்குத்தான் ஞாபகம் வைத்திருக்கிறது.

உடுப்பு ஒரு பிரச்சினையாக இருக்கவில்லை. வெள்ளைச் சட்டைக்குக் கீழே நீளக் காற்சட்டை, தலையில் இறுக்கிக் குத்திய துணி, அவ்வளவுதான். பிரச்சினை பெயர். மைதானத்துக்கும் பெரிய வீதிக்கும் நடுவே இடுப்பளவு மதில். பெரிய பிள்ளையான பெண்ணின் பெயரை ஆண்கள் காதுபட உரத்துச் சொல்வது எங்கள் ஊர்களில் அப்போது வழக்கமில்லை. இன்னாரின் மகள், பிறகு இன்னாரின் பெண்சாதி, அதற்குப் பிறகு இன்னாரின் உம்மா. என் பெயரும் என் உம்மாவின் வாயிலும் பாடசாலை வரவுப் புத்தகத்திலும் மட்டும்தான் இருந்தது. ஆனால் வலைப்பந்தில் பந்தை மூன்று செக்கனுக்கு மேல் கையில் வைத்திருக்க முடியாது. கூப்பிடாமல் எப்படி எறிவது?

பௌசியா அப்போது எட்டாம் வகுப்பு. மருதமுனையில் கைத்தறி வைத்திருந்த மரைக்காரின் ஒரே மகள். பள்ளிவாசல் நிர்வாகத்தில் இருந்ததால் ஊரில் எல்லாருக்கும் அவர் மரைக்கார்தான். பௌசியா நெட்டை. கையை உயர்த்தினால் வளையத்துக்கு இன்னும் கொஞ்சத் தூரம்தான் என்று தோன்றும். அவளை அணிக்குக் கேட்டு நானே வீட்டுக்குப் போனேன்.

"ஆடட்டும் டீச்சர்" என்றார் மரைக்கார். "படிச்சி உங்களப்போல டீச்சராகவும் வரட்டும். ஒண்டே ஒண்டுதான். என்ட புள்ளட பேரு ஆம்புளயள்ட வாயில வரப்படாது."

"ஓம் மரைக்கார், அதுக்கு நான் பொறுப்பு" என்று பெரிய மனுசி போலச் சொல்லிவிட்டு வந்தேன்.

வழி கண்டுபிடித்தவள் அந்த மீன்வலைப் பிள்ளைதான். "மீன் பேரு வெப்பமா டீச்சர்? மீனெண்டா ஆர்ட மகளெண்டு ஆரும் கேக்க மாட்டாங்க." அன்றைக்கே பெயர் வைத்தோம். குண்டுப் பிள்ளை சூரை, சின்னவள் கீரி, நெட்டைப் பௌசியா வாளை. "பாரை, வாளைக்குக் குடு" என்று நாங்கள் கத்த, மதிலுக்கு அப்பால் சைக்கிளை நிறுத்திய பெரியவர் ஒருவர், "வாளை என்ன விலை புள்ள?" என்று கேட்டார். சிரித்துச் சிரித்து அன்றைக்குப் பயிற்சியே நடக்கவில்லை.

மூன்று வருடம் இப்படிப் போனது. பயிற்சி முடிந்து பந்தைத் துடைத்து வைக்கும் சாட்டில் பௌசியா நின்றுவிடுவாள். நான் படித்த உடற்பயிற்சிக் கல்லூரியைப் பற்றிக் கேட்பாள். "அங்க பொம்புளப் புள்ளயள் தங்க இடம் இரிக்கா டீச்சர்? எங்கட ஆக்கள் சாப்பிடலாமா?" அரசாங்கம் வைக்கும் சாதாரண தரச் சோதனை முடிந்ததும் மரைக்காரிடம் நானே கதைக்கிறேன் என்று சொல்லியிருந்தேன்.

அந்த வருடம் வட்டாரப் போட்டியின் கடைசி ஆட்டம் எங்கள் மைதானத்தில். இரண்டு பக்கமும் சமம். நேரம் முடிகிறது. பந்து கீரியின் கையில், வளையத்துக்குக் கீழே பௌசியா தனியே நிற்கிறாள், ஆனால் வேறெங்கோ பார்க்கிறாள். வாளை என்றுதான் நான் கத்தியிருக்க வேண்டும். பாழாய்ப்போன வாய், பௌசியா என்றது. ஒரு தரமல்ல, மூன்று தரம். அவள் திரும்பினாள், பிடித்தாள், போட்டாள். பந்து விளிம்பில் ஒரு சுற்றுச் சுற்றி உள்ளே விழுந்தது. விசில் ஊதியதும் பிள்ளைகள் எல்லாரும் அவள் பெயரைச் சொல்லிக் குதித்தார்கள். மதிலில் ஏறியிருந்த இளந்தாரிகளும் அதையே சொன்னார்கள். நானும் குதித்தேன். என்ன செய்துவிட்டேன் என்று அப்போது எனக்கு உறைக்கவில்லை.

மறுநாள் தேத்தண்ணிக் கடையில் யாரோ நல்ல மனதோடுதான் சொல்லியிருக்கிறார்: "மரைக்கார், நேத்து உங்கட பௌசியாதானாமே வெல்ல வெச்சது." மரைக்கார் குடித்த பாதியில் கிளாசை வைத்துவிட்டு எழுந்து போனாராம்.

பௌசியா பிறகு பாடசாலைக்கு வரவில்லை. ஒரு கிழமை பார்த்துவிட்டு வீட்டுக்குப் போனேன். மரைக்கார் கதிரை போட்டு, தேயிலை ஊற்றச் சொன்னார். அந்த மரியாதைதான் என்னைக் கொன்றது. "சோதினைய மட்டுமாவது எழுதட்டும் மரைக்கார்" என்று கெஞ்சினேன்.

"உங்கள்ல கோபமில்ல டீச்சர். நான் ஒண்டுதான் கேட்டன்" என்றார். "மாப்புள பாத்து முடிச்சாச்சி."

திரைச்சீலைக்குக் கீழே அவளுடைய பாதங்கள் தெரிந்தன. நான் தேயிலையைக் குடித்து முடிக்கும்வரை அவை அசையவில்லை. இரண்டு மாதத்தில் கல்யாணக் கார்ட் வந்தது. மாப்பிள்ளையின் பெயர் பெரிய எழுத்தில் இருந்தது. அவளுக்கு "எனது ஏக புதல்விக்கும்" என்று போட்டிருந்தார்கள்.

அதற்குப் பிறகும் இருபது வருடத்துக்கு மேல் அணி நடத்தினேன். கிண்ணங்களும் வந்தன. ஆட்டம் தொடங்கினால் மட்டும் வாய் திறக்க மாட்டேன். பெருமைக்காரி என்று மற்றப் பயிற்சியாளர்கள் பேசிக்கொண்டார்கள்.

ஒரு தரம் ஆஸ்பத்திரியில் அவளைக் கண்டேன், மடியில் கைப்பிள்ளை. மன்னிப்புக் கேட்க வாயெடுத்தேன். "விடுங்க டீச்சர்" என்று சிரித்தாள். "அண்டைக்கி எத்தின பேர் என்ட பேரச் சென்னாங்க." வீட்டுக்கு வந்து விம்மி விம்மி அழுதேன்.

இப்போது அந்த மைதானத்தில் மூன்று மாடிக் கட்டடம் நிற்கிறது. பிள்ளைகள் வேறெங்கோ ஆடுகிறார்கள், முதுகில் பெயரே அச்சடித்திருக்கிறது. சந்தோசம்தான். சில வேளை எரிச்சலும் வரும்.

போன வருடம் நோன்புக்கு முந்திய ஒரு காலை பள்ளிவாசல் ஒலிபெருக்கியில் மௌத்து அறிவித்தல் சொன்னார்கள். இன்ன கடை முதலாளியின் மனைவியும் இன்ன மௌலவியின் தாயாருமானவர் வபாத்தானார் என்று இரண்டு தரம் சொன்னார்கள். யாரோ போய்விட்டார், பாவம் என்று எண்ணி, "இன்னா லில்லாஹி" சொல்லிவிட்டு நான் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தேன். அஸர் தொழுகைக்குப் பிறகு பக்கத்து வீட்டுப் பெண் வந்து சொன்னபோதுதான் அது பௌசியா என்று தெரிந்தது. அதற்குள் மையித்தை அடக்கி முடித்துவிட்டார்கள்.