ரஹ்மத் மிஸ்ஸும் தாழ்ப்பாள் மனுவும்

நானே சொல்லும்வரை இதை யாரிடமும் காட்டாதீர்கள், கெஞ்சிக் கேட்கிறேன். போன வருடம் என்னோடு ஒன்பதாம் வகுப்பில் ரஹ்மத் மிஸ்ஸிடம் குடிமையியல் படித்த உங்களுக்காக மட்டும், வீட்டில் எல்லோரும் படுத்த பிறகு எழுதுகிறேன். பள்ளியில் யார் கண்ணிலாவது பட்டால் அப்பாவின் வேலை போய்விடும். நம் பள்ளி வேனை ஓட்டுவது அவர்தான்.

செய்தி இன்று அம்மாவின் போனில் வந்தது. "உங்க மிஸ் தவறிட்டாங்களாம்டி. பாலக்கரை வீட்டுல வச்சிருக்காங்களாம். போயிட்டு வருவோமா?" என்றார். தலைவலி என்று சொல்லிவிட்டேன். அந்த முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியமில்லை.

வகுப்புத் தலைவிக்கு மிஸ் தேர்தல் வைத்தது உங்களுக்கு நினைவிருக்கும். பிஸ்கட் டப்பாதான் வாக்குப்பெட்டி. நான் நான்கே வாக்கு வாங்கித் தோற்றேன். வெள்ளிக்கிழமைக் கூட்டத்தில் மிஸ் என்னைத்தான் முதலில் எழுப்பினார். "தோத்தவங்க முதல்ல பேசட்டும். ஜெயிச்சவங்க உட்கார்ந்து கேக்கட்டும்."

"அப்ப தோக்குறதே நல்லதுபோல மிஸ்!" என்று கடைசி பெஞ்சிலிருந்து குரல் வந்தது. மிஸ்ஸும் சிரித்துவிட்டார்.

அன்று நான் கழிப்பறையைப் பற்றிப் பேசினேன். ஒரு கதவுக்கும் தாழ்ப்பாள் இல்லை. ஒருத்தி உள்ளே போனால் இன்னொருத்தி வெளியே கதவை இழுத்துப் பிடித்து நிற்க வேண்டும். பள்ளி அலுவலகத்தில் பலமுறை சொல்லியும் பயனில்லை. கல்வி அலுவலகத்துக்கு மனு எழுதலாமா என்று கேட்டேன். "எழுது. எழுத்துப்பிழை மட்டும் நான் பாக்குறேன். விஷயம் உன்னோடது," என்றார்.

ஸ்ரீரங்கத்திலிருந்து பாலம் தாண்டி, கல்வி அலுவலகத்துக்கு எங்களில் ஆறு பேரை மிஸ்ஸே பஸ்ஸில் அழைத்துப் போனார். "என்னம்மா, படையெடுத்து வந்திருக்கீங்க?" என்றார் அங்கிருந்த எழுத்தர்.

"படை இல்ல சார், பொதுமக்கள்." முத்திரை வைத்த ரசீது கைக்கு வரும்வரை மிஸ் நகரவில்லை.

தாழ்ப்பாள் வந்தது. விசாரணையும் வந்தது. "மிஸ் கட்டாயப்படுத்தித்தானே எழுதுனே? உங்கப்பா இங்கதான் வேலை பாக்குறாரு, ஞாபகமிருக்கா?" என்று தலைமையாசிரியை கேட்டார். ஆமாம் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். மிஸ் வேறு பள்ளிக்குப் போய்விட்டார் என்று நம்மிடம் சொன்னார்கள். அவராகப் போகவில்லை. என் கையெழுத்தைக் காட்டி வேலையை விட்டு அனுப்பினார்கள்.

சில மாதம் கழித்துச் சத்திரம் பேருந்து நிலையத்தில் அவரைப் பார்த்து ஒளிந்தேன். அருகே வந்தார். "ஏம்மா, என்னைப் பார்த்து ஓடுற? நான் என்ன கணக்கு மிஸ்ஸா?" எல்லாவற்றையும் சொல்லி அழுதேன். அவருக்கு முன்பே தெரிந்திருந்தது. "பயத்துல எழுதுனதை, பயம் தெளிஞ்சதும் திருத்தி எழுதலாம். அவசரமில்ல," என்றார்.

அவசரம் இருந்தது, மிஸ்.

பயம் இன்னும் தெளியவில்லை. ஆனாலும் அவர் எனக்கு விட்டுப்போனது அந்த அனுமதி ஒன்றுதான். அதை வைத்துக்கொண்டு எழுதுகிறேன்: அந்த மனுவின் ஒவ்வொரு வரியும் என்னுடையது. மிஸ் யாரையும் கட்டாயப்படுத்தவில்லை. நாளை இதைப் பள்ளி நிர்வாகத்திடம் கொடுக்கப் போகிறேன். அதற்கு முன் அப்பாவிடம் சொல்ல வேண்டும். எப்படித் தொடங்குவது என்றுதான்

கதவைத் தட்டுகிறார்கள். அப்பாதான்.